டிரங்குப் பெட்டியும் திரையும்: வாசகர் கேள்வி பதில்

சென்ற இதழில் ஜார்ஜிய இயக்குநர் லானா கொகோபெரிட்ஸே 2023இல் எடுத்த ‘தாயும் மகளும், அல்லது இரவு ஒருபோதும் முழுமையாவதில்லை’ என்ற ஆவணப்படத்தை அறிமுகம் செய்திருந்தோம். அதைப் படித்துவிட்டு மலேசியாவின் சுங்கை சிப்புட்டிலிருந்தும் சுற்றுவட்டாரத் தோட்டங்களிலிருந்தும் பலர் எழுதியிருக்கிறார்கள். படத்தைப் பற்றிக் கேட்டவர்கள் சிலர். ‘எங்கள் வீட்டிலும் பழைய படங்களும் பொருள்களும் கிடக்கும் ஒரு பெட்டி இருக்கிறது’ என்று தொடங்கி, அவற்றைப் படமாக்குவது, காப்பது பற்றிக் கேட்டவர்களே அதிகம்.

படத்தைப் பார்த்தேன். பழைய படத்துண்டு, புகைப்படம், பேச்சு என்று போகிறதே தவிர கதை நகரவில்லை. இதை எப்படிப் பார்ப்பது?
– ஓய்வுபெற்ற ஆசிரியை, சுங்கை சிப்புட்

கதையின் நடுவில் இருக்க வேண்டியவர் அங்கே இல்லை, அதனால்தான் நகரவில்லை. லானாவின் தாய் நுட்சா கொகோபெரிட்ஸே, ஜார்ஜியாவின் முதல் பெண் இயக்குநர். 1930இல் ஜார்ஜியாவின் ராச்சா மலைமக்களைப் பற்றி ‘பூபா’ என்ற ஆவணப்படம் எடுத்தார். 1934இல் ‘உஜ்முரி’ என்ற கதைப்படம். ஜார்ஜியா அன்று சோவியத் ஒன்றியத்தில் இருந்தது. 1937இல் ஸ்டாலின் ஆட்சியின் களையெடுப்பு அந்தக் குடும்பத்தின் மேல் விழுந்தது. கணவரைக் கொன்றார்கள். நுட்சாவுக்குக் கைதிகளின் உழைப்பு முகாமில் பத்தாண்டு வாழ்க்கை. திரும்பி வந்தவர் அதன்பின் ஒரு படமும் எடுக்கவில்லை. எடுத்த படங்களும் பல பத்தாண்டுகள் யார் கண்ணிலும் படாமல் கிடந்து, 2010களில்தான் ரஷ்ய ஆவணக் காப்பகத்திலிருந்து வெளியே வந்தன.

லானா பிறந்தது 1928இல். தாயைக் கொண்டுபோனபோது அவருக்குப் பத்து வயது நிரம்பவில்லை. வளர்ந்து அவரும் இயக்குநரானார். 1978இல் ‘சொந்த விஷயங்கள் குறித்துச் சில நேர்காணல்கள்’ என்ற கதைப்படத்தில், முகாமிலிருந்து ஒரு தாய் திரும்பி வரும் காட்சியை நடிகர்களை வைத்து எடுத்தார். உண்மையான அந்த நாளைப் படம் பிடிக்க அன்று யாரிடமும் கேமரா இல்லை. தொண்ணூறு வயதைத் தாண்டியபின் எடுத்த இந்த ஆவணப்படத்தில் தன் பழைய கதைப்படங்களின் துண்டுகளையும் புகைப்படங்களையும் அடுக்கிவைத்து, மேலே தன் குரலை ஓடவிடுகிறார். நடித்துக் காட்டிய காட்சியே இங்கே குடும்பத்தின் சான்றாகிவிடுகிறது. இந்த இடத்தைப் பிடித்துக்கொண்டால் படம் திறந்துகொள்ளும்.

அடுத்த முறை பார்க்கும்போது ஒவ்வொரு புகைப்படமும் எத்தனை நொடி நிற்கிறது, குரல் எந்த இடத்தில் நின்றுபோகிறது என்பதைக் கவனியுங்கள். முடிந்தால் ‘பூபா’, பிறகு 1978 படம், கடைசியில் இது என்ற வரிசையில் பாருங்கள். ஒரே இரவில் மூன்றையும் பார்க்க வேண்டாம்.

ஜார்ஜியா அமெரிக்காவில்தானே இருக்கிறது?
– படிவம் நான்கு மாணவர், தாப்பா

அமெரிக்காவில் அந்தப் பெயரில் ஒரு மாநிலம் உண்டு. நாம் பேசுவது காக்கசஸ் மலையடிவாரத்தில், கருங்கடலை ஒட்டியிருக்கும் நாட்டை. தலைநகர் திபிலிசி. அவர்கள் மொழிக்குச் சொந்த எழுத்து உண்டு, 33 எழுத்துகள். அம்மாவை ‘தேதா’ என்பார்கள். ‘மாமா’ என்றால் அப்பா. வசனத்தைக் கேட்கும்போது குழம்பிவிடாதீர்கள்.

எங்களிடம் மூன்றே பொருள்கள்: தாத்தாவின் ஸ்டூடியோ படம், அவருடைய சிவப்பு அடையாள அட்டை, பாட்டி வெற்றிலை இடித்த உரல். இதை வைத்துப் படம் எடுக்க முடியுமா?
– செம்பனை (எண்ணெய்ப் பனை) ஆலை ஊழியர், சுங்கை சிப்புட்

பத்து நிமிடப் படத்துக்கு இது போதும். பொருள் குறைவாக இருப்பதை மறைக்க வேண்டாம். அதிகம் இருந்திருந்தால் ஒவ்வொன்றையும் ஐந்து நொடி காட்டிவிட்டுப் போயிருப்பீர்கள்.

காலை ஒன்பது மணி வாக்கில் வாசற்கதவை ஒட்டி மேசை போடுங்கள். வெளிச்சம் ஒரு பக்கத்திலிருந்து மட்டும் வரட்டும். மறுபக்கம் நிழல் கருத்துப்போனால் வெள்ளை அட்டை ஒன்றை நிறுத்தினால் போதும். கைப்பேசியை முக்காலியில் பொருத்துங்கள். அகல லென்ஸில் கிட்டே போனால் உரலின் வாய் வீங்கித் தெரியும். இரண்டு மடங்கு லென்ஸுக்கு மாற்றிக்கொண்டு ஒரு அடி பின்னே வாருங்கள். திரையை விரலால் அழுத்திப் பிடித்து ஃபோகஸையும் ஒளி அளவையும் பூட்டுங்கள். பூட்டாவிட்டால் கை குறுக்கே வரும்போதெல்லாம் படம் இருண்டு வெளுக்கும். ஒவ்வொரு காட்சியையும் குறைந்தது இருபது நொடி ஓடவிடுங்கள்.

ஸ்டூடியோ படத்தைக் கணினியில் மெல்லப் பெரிதாக்கிக்கொண்டே போவது எல்லாரும் செய்யும் தவறு. பார்ப்பவர் கண் தானாகத் தேட வேண்டியதை நீங்களே இழுத்துக் காட்டிவிடுகிறீர்கள். அசையாத மூன்று காட்சிகளாகப் பிரியுங்கள்: முழுப்படம், கைகள், கால்கள். கால்களைத் தவறவிடாதீர்கள். அந்தக் காலத்து ஸ்டூடியோக்களில் கோட்டும் சப்பாத்தும் இரவல் கிடைக்கும். சப்பாத்து ஒரு அளவு பெரிதாக, குதிகாலுக்குப் பின்னே இடைவெளியோடு இருந்தால், ஞாயிற்றுக்கிழமை டவுனுக்கு வந்து, தன் முறை வந்ததும் படம் எடுத்துக்கொண்ட ஒரு ரப்பர் பால்வெட்டுத் தொழிலாளி அங்கே நிற்கிறார். பிறகு படத்தைத் திருப்பிப் பின்பக்கத்தை எடுங்கள். ஸ்டூடியோ முத்திரை, பென்சில் எண், பழைய பசைத்தடம் எல்லாம் தகவல்தான்.

சிவப்பு அட்டையின் எண்ணைத் துணியால் மறைத்துவிட்டு எடுங்கள். உரலைச் சும்மா வைத்துக் காட்டாமல் யாரையாவது இடிக்கச் சொல்லி ஒலியைத் தனியே பதிவுசெய்யுங்கள். அந்த ஒலியைத் தாத்தாவின் கைகள் தெரியும் காட்சியில் வைக்கலாம்.

தாத்தா படத்தைச் செயற்கை நுண்ணறிவுச் செயலியில் போட்டால் சிரிக்கிறார், கண் சிமிட்டுகிறார். படத்தில் சேர்க்கலாமா?
– பல்கலைக்கழக மாணவர், கூலிம்

வேண்டாம். அந்தச் செயலிக்கு உங்கள் தாத்தாவைத் தெரியாது. லட்சக்கணக்கான வேறு முகங்களிலிருந்து ஊகித்து ஒரு சிரிப்பை ஒட்டுகிறது. தாத்தாவை நேரில் பார்க்காத பேரப்பிள்ளைகளுக்கு இனி அதுதான் தாத்தாவின் சிரிப்பாக நிலைத்துவிடும். வண்ணமேற்றுவதும் இப்படித்தான், பாட்டியின் சேலை நிறத்தை இயந்திரம் ஊகிக்கிறது. கீறல், தூசி நீக்குவதில் தவறில்லை. அதையும் நகலில் செய்யுங்கள், மூலக்கோப்பைத் தொடாதீர்கள்.

சாமி அறையில் சட்டம் போட்டு மாட்டியிருந்த திருமணப் படம் கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டது. பிரிப்பது எப்படி?
– குடும்பத்தலைவி, பாகான் செராய்

பிரிக்காதீர்கள். பழைய புகைப்படத்தின் மேற்பரப்பு ஜெலட்டின். நம் ஊர் ஈரக்காற்றில் அது இளகிக் கண்ணாடியைப் பிடித்துக்கொள்கிறது. இழுத்தால் தாள் கையோடு வரும், முகம் கண்ணாடியோடு போகும். தண்ணீரில் ஊறவைக்கச் சொல்லும் காணொளிகளை நம்ப வேண்டாம். ஒரே பிரதியில் சோதனை கூடாது.

கண்ணாடியோடு சேர்த்தே நகலெடுங்கள். சட்டத்தையும் பின் அட்டையையும் கழற்றி, கண்ணாடியின் வெளிப்பக்கத்தை லேசாக ஈரப்படுத்திய மெல்லிய துணியால் துடையுங்கள். நீரைக் கண்ணாடி மேல் நேராகத் தெளித்தால் ஓரத்தில் இறங்கும். அந்தப் பக்கம் கீழே இருக்க ஸ்கேனரில் வையுங்கள். ஸ்கேனர் வகை இங்கே முக்கியம். அச்சிடும் கருவியோடு சேர்ந்து வருபவை பெரும்பாலும் சிஐஎஸ் வகை. தட்டில் ஒட்டியிருப்பது மட்டுமே அதில் கூர்மையாகத் தெரியும். இடையில் இரண்டு மில்லிமீட்டர் கண்ணாடி இருந்தால் முகம் மங்கிவிடும். சிசிடி வகைக்கு அந்தக் குறை இல்லை.

சிசிடி ஸ்கேனர் கிடைக்காவிட்டால் கைப்பேசியே போதும். ஒரே மாதிரி இரண்டு விளக்குகளை இருபுறமும் 45 பாகையில் வையுங்கள். மற்ற விளக்குகளை அணைத்து, கறுப்புத் துணியில் லென்ஸ் அளவுக்கு ஓட்டை போட்டுக் கைப்பேசிக்கு முன்னே தொங்கவிடுங்கள்; கண்ணாடியில் உங்கள் முகமும் கூரையும் தெரியாது. கைப்பேசியும் படமும் இணையாக இருக்க வேண்டும். சாய்ந்தால் மாப்பிள்ளை உயரமாகவும் பெண் குள்ளமாகவும் தெரிவார்கள்.

ஸ்கேன் அளவு: நான்குக்கு ஆறு அங்குலப் படத்துக்கு 600 டிபிஐ, அதாவது அங்குலத்துக்கு 600 புள்ளி. டிஃப் கோப்பாகச் சேமித்தால் ஏறக்குறைய 26 மெகாபைட் வரும். அடையாள அட்டை அளவுப் படத்துக்கு 1200, எட்டுக்குப் பத்து அங்குலத்துக்கு 400 போதும்.

பிளாஸ்டிக் தாள் மூடிய ஒட்டும் ஆல்பம் வைத்திருப்பவர்களும் கேட்டிருக்கிறார்கள். அந்தப் பசை ஆண்டுக்கு ஆண்டு இறுகும். மெழுகு பூசாத பல்லிடுக்கு நூலைப் படத்துக்கும் பக்கத்துக்கும் நடுவே நுழைத்து, ரம்பம் இழுப்பதுபோல் மெல்ல இழுத்தால் பல படங்கள் வந்துவிடும். வராததை விட்டுவிடுங்கள், பக்கத்தோடு ஸ்கேன் செய்யலாம். முடி உலர்த்தும் கருவியின் சூட்டைக் காட்டினால் படம் சுருளும்.

பாட்டி பாடிய தாலாட்டும் ஒப்பாரியும் கேசட்டில் இருக்கின்றன. போட்டால் கீச்சென்று கத்துகிறது.
– லோரி ஓட்டுநர், சுங்கைப்பட்டாணி

உடனே நிறுத்துங்கள். கேசட்டை வெளிச்சத்தில் பிடித்து, சன்னல் வழியே நாடாச் சுருளின் விளிம்பைப் பாருங்கள். வெள்ளைப் பொடியோ சிலந்தி வலை போன்ற இழையோ தெரிந்தால் அது பூஞ்சணம். ஒரு முறை ஓட்டினாலும் அது கருவிக்குள் போய் அடுத்த கேசட்டையும் பிடிக்கும். வீடியோ நாடாவுக்கும் இதுவே. அப்படிப்பட்டதைத் தனிப் பையில் சிலிக்கா ஜெல்லோடு போட்டு, நாடா மாற்றித் தரும் கடைக்காரரிடம் முன்கூட்டியே சொல்லிக் கொடுங்கள்.

பூஞ்சணம் இல்லையென்றால் அடுத்துப் பார்க்க வேண்டியது, கருவியில் ஒலியைப் படிக்கும் தலைப்பகுதியோடு நாடாவை அழுத்தும் சின்னப் பஞ்சுத்துண்டு. பசை காய்ந்து அது விழுந்திருந்தால் ஒலி மங்கும், கீச்சிடும். ஐந்து திருகாணி போட்ட இன்னொரு கேசட் கூட்டை வாங்கி, இரண்டு சுருளையும் அப்படியே அதில் மாற்றுங்கள். ஒட்டி மூடிய கூடாக இருந்தால் ஓரத்தை மெல்லிய கத்தியால் திறக்க வேண்டும். மேசையில் காந்தம் எதுவும் இருக்கக் கூடாது.

ஓட்டுமுன் கருவியின் தலைப்பகுதியை ஐசோபுரோபைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சுக்குச்சியால் துடையுங்கள். ரப்பர் உருளைக்குச் சவர்க்கார நீர் போதும், ஆல்கஹால் ரப்பரை வறட்டும். கேசட்டின் மேல்விளிம்பில் உள்ள இரண்டு பிளாஸ்டிக் காதுகளையும் உடைத்துவிடுங்கள்; தவறிப் பதிவுப் பொத்தானை அழுத்தினாலும் பாட்டி அழியமாட்டார். பிறகு ஒரு முறை முழுதும் முன்னோட்டிப் பின்னோட்டினால் சுருளின் இறுக்கம் சீராகும். சி-120 கேசட்டுக்கு மட்டும் இது வேண்டாம். அதன் நாடா மிக மெல்லியது, வேகத்தில் அறும்.

தலைப்பகுதியின் பக்கத்தில் கோணத்தைத் திருத்தும் ஒரு சின்னத் திருகாணி இருக்கும். பாடலை ஓடவிட்டு அதை மிக மெல்லத் திருப்புங்கள். கால் சுற்றுக்கு மேல் வேண்டாம். ‘ஆராரோ’வில் ரகரம் எந்த இடத்தில் மிகத் தெளிவாக விழுகிறதோ அங்கே நிறுத்துங்கள். பலர் ‘கேசட் கெட்டுவிட்டது’ என்று நினைப்பது இந்தக் கோணம் மாறியதைத்தான்.

ஹெட்ஃபோன் துளையை நம்பாமல் பின்புற லைன் வெளியீட்டிலிருந்து ஒலி இடைமுகக் கருவி வழியாகக் கணினிக்குக் கொண்டுபோங்கள். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், வேவ் கோப்பு. ஒலி அளவின் உச்சம் கழித்தல் ஆறு டெசிபெலைத் தாண்டாமல் பாருங்கள். ஒற்றைத் தடத்தில் ஒரு மணி நேரத்துக்கு ஏறத்தாழ 520 மெகாபைட் வரும். இரைச்சல் நீக்குவதை நகலில் மட்டும் செய்யுங்கள், அதையும் குறைவாக. தகரக் கூரை மழையும் பின்னால் கூவும் சேவலும், தோட்டத் தொழிலாளர் வரிசையாகக் குடியிருந்த அந்த லயத்து வீட்டின் ஒலி. அதை நீக்கினால் பாட்டி ஸ்டூடியோவில் பாடியதுபோல் ஆகிவிடும்.

தாத்தா நன்றாகப் பேசுவார். கேமராவை வைத்தால் ‘ஆமாம், இல்லை’ என்று முடித்துவிடுகிறார்.
– வங்கி ஊழியர், ஈப்போ

‘மலாயாவுக்கு எப்போது வந்தீர்கள்?’ என்று கேட்டால் ஓர் ஆண்டுதான் பதிலாக வரும். ‘கப்பலில் என்ன சாப்பாடு போட்டார்கள்? எங்கே படுத்தீர்கள்?’ என்று கேளுங்கள்.

இன்னொரு கணக்கையும் மனத்தில் வையுங்கள். தோட்ட வேலைக்கு ஆள் அனுப்புவதை இந்திய அரசு 1938இல் நிறுத்தியது. அப்படி வந்தவர்களில் இன்று பேசக் கூடியவர்கள் அரிது. உங்கள் தாத்தா சொல்வதில் பாதி அவருடைய அம்மா சொல்லக் கேட்டதாக இருக்கும். ஜப்பானியர் போட்ட சயாம் மரண ரயில் பாதைக்கு 1942, 43இல் ஆள் பிடித்துப் போனதும் அப்படித்தான். பிடித்துப் போனதை அன்று குழந்தைகளாகப் பார்த்தவர்கள் இருக்கிறார்கள், அங்கே போய்த் திரும்பியவர்கள் ஏறக்குறைய இல்லை. ஒவ்வொரு சம்பவத்துக்குப் பிறகும் மெல்லக் கேளுங்கள்: ‘இது நீங்கள் பார்த்ததா தாத்தா, கேட்டதா?’ இரண்டுமே மதிப்புள்ளவை, ஆனால் இரண்டும் ஒன்றல்ல. லானாவும் முகாமைத் தான் பார்த்ததாகச் சொல்லவில்லை, அம்மா வழியே தன்னிடம் வந்ததைத்தான் சொல்கிறார்.

பேசவைக்க நல்ல வழி, கைக்கு வேலை கொடுப்பது. பக்கத்தில் கித்தா (ரப்பர்) மரம் வைத்திருக்கும் சிறுதோட்டக்காரரிடம் அனுமதி வாங்கி, விடியற்காலையில் கூட்டிக்கொண்டு போங்கள். கத்தியைக் கையில் கொடுத்துவிட்டு ஒன்றும் கேட்காதீர்கள். கட்டைவிரல் முதலில் பட்டையைத் தடவும். பிறகு கத்தி இடப்பக்க உச்சியில் தொடங்கி வலப்பக்கமாகத் தாழ்ந்து வரும். பால்குழாய்கள் மரத்தில் லேசாகச் சாய்ந்து ஓடுவதால் இந்தத் திசையில் வெட்டினால்தான் அதிகக் குழாய்கள் அறுபடும். ஒரு வெட்டில் சீவும் பட்டை ஒரு மில்லிமீட்டர், ஒன்றரை மில்லிமீட்டருக்கு மேல் போகக் கூடாது, ஆழம் தப்பினால் மரம் காயப்படும். வெட்டுக்கோட்டில் உறைந்த கோட்டுப்பாலை உரித்தெடுத்து, வெட்டிமுடித்து, பால் ஏந்தும் மங்கைத் திருப்பி வைத்துவிட்டு அடுத்த மரத்துக்கு நகரும்போது தாத்தா தானாகப் பேசுவார். கேமரா கைகளில் இருக்கட்டும், முகத்துக்குப் போக அவசரமில்லை.

வீட்டில் பதிவுசெய்தால் ஒலிவாங்கி வாயிலிருந்து ஒரு சாண் கீழே, சட்டையில் இருக்கட்டும். காற்றாடியை நிறுத்துங்கள். ஐஸ் பெட்டியையும் அணையுங்கள். திரும்பப் போட மறந்துபோகாமலிருக்க உங்கள் கார் சாவியை அதற்குள் வைத்துவிடுங்கள். பேச்சு முடிந்ததும் யாரும் எழாமல் ஒரு நிமிடம் வெறும் அறையின் ஒலியைப் பதிவுசெய்யுங்கள். வெட்டி ஒட்டும் இடங்களில் அது இல்லாமல் வேலை நடக்காது. நாற்பது நிமிடத்துக்கு மேல் போகாதீர்கள். பெரியவர்கள் களைப்பைச் சொல்லமாட்டார்கள்.

வீட்டுக்குள் எடுத்த வீடியோவில் குழல் விளக்கு அலை அலையாகத் துடிக்கிறது.
– வாசகர், ரவாங்

நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். கைப்பேசி நொடிக்கு 30 சட்டகம் (ஃப்ரேம்) எடுக்கிறது. இரண்டும் ஒத்துப்போகாததால்தான் துடிப்பு. நொடிக்கு 25 சட்டகம், ஷட்டர் நொடியில் ஐம்பதில் ஒரு பங்கு என்று மாற்றுங்கள். வெளிச்சம் அதிகமானால் நூறில் ஒரு பங்கு. அதற்கும் அடங்காத எல்இடி விளக்கை அணைத்துவிட்டுக் கதவைத் திறங்கள்.

கொள்ளுத்தாத்தா தோட்டத்துக்கு ஆள் சேர்த்து வேலை வாங்கிய பெரிய கங்காணி. ஊரில் நல்ல பேச்சும் உண்டு, கெட்ட பேச்சும் உண்டு. குடும்பப் படத்தில் கெட்டதைச் சேர்க்காதே என்கிறார் அப்பா.
– பெயர் வேண்டாம் என்ற வாசகர், தெலுக் இந்தான்

அப்பாவோடு உட்கார்ந்து தெங்கிஸ் அபுலாட்ஸேயின் ‘மனந்திரும்புதல்’ படத்தைப் பாருங்கள். 1984இல் எடுத்து 1987இல் வெளிவந்தது; அந்த ஆண்டே கான் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பெரும்பரிசு பெற்றது. ஊரை ஆட்டிப்படைத்த மேயர் வார்லாம் இறக்கிறார். புதைத்த பிணம் மகன் வீட்டுத் தோட்டத்தில் வந்து நிற்கிறது. மறுபடி புதைக்கிறார்கள், மறுபடி வருகிறது. தோண்டியவள், அவரால் பெற்றோரை இழந்த ஒரு பெண். வழக்கில் அவள் பேசப் பேசத் தாத்தா யாரென்று பேரனுக்குத் தெரிகிறது. தாங்க முடியாமல் அவன் உயிரை விடுகிறான். மறைத்தவர் தந்தை, விலை கொடுத்தவன் பேரன். ஜார்ஜியப் படங்களில் ஒன்றே ஒன்றைத்தான் பார்க்க நேரமிருக்கிறது என்பவர்களுக்கும் இதையே சொல்வோம்.

உங்கள் படத்தில் தீர்ப்புச் சொல்ல வேண்டாம், பொருளைக் காட்டுங்கள். வேலைக்கு வந்த ஒவ்வொரு தலைக்கும் கங்காணிக்குத் தலைக்காசு உண்டு; பற்றுவரவுப் புத்தகம் வீட்டில் இருந்தால் ஒரு பக்கத்தை முழுதாகத் திரையில் நிறுத்துங்கள். கடன்பட்டவர் பெயர்களை மறைத்துவிடுங்கள், அவர்கள் பேரப்பிள்ளைகள் அதே ஊரில் இருப்பார்கள். அவர் ஊரிலிருந்து அழைத்து வந்த குடும்பம் ஒன்றைத் தேடிப்போய், அவர்கள் சொல்வதை அவர்கள் குரலிலேயே பதிவுசெய்யுங்கள். படத்தை வெட்டித் தொகுத்து முடித்ததும் முதலில் அவர்களுக்குக் காட்டுங்கள், பிறகுதான் உறவினர்களுக்கு. அப்பா பேச மறுத்தால், அந்த மறுப்பையே அவர் சம்மதத்தோடு ஒரு வரியாகச் சேர்க்கலாம்.

லயம் இருந்த இடத்தில் இப்போது செம்பனை. எடுக்க ஒன்றுமே இல்லையே?
– பாதுகாவலர், பாகாவ்

அலெக்சாண்ட்ரே கோபெரிட்ஸே என்ற இளம் ஜார்ஜிய இயக்குநர் பழைய சோனி எரிக்சன் கைப்பேசியிலேயே மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும் படங்களை எடுத்திருக்கிறார். 2025இல் வந்த ‘உலர்ந்த இலை’யில், கிராமத்துக் கால்பந்துத் திடல்களைப் படம் பிடிக்கப் போய்க் காணாமல்போன மகளை அப்பா தேடிப் போகிறார், அப்பாவாக நடித்தவர் இயக்குநரின் சொந்தத் தந்தை. புள்ளி புள்ளியாக உடையும் மங்கிய படத்தில் இருப்பதும் இல்லாததும் கலந்துவிடுகின்றன. கருவி மட்டமாக இருப்பது தடையில்லை.

முதலில் தோட்ட அலுவலகத்தில் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். பழைய ஆள் ஒருவரை அழைத்துக்கொண்டு நடந்து, பெரட்டுக்களம் (காலையில் ஆள் கணக்கெடுக்கும் இடம்), ஆயாக்கொட்டகை (பிள்ளைக் காப்பகம்), கிணறு, கோயில் இருந்த இடங்களைக் குச்சி நட்டுக் குறியுங்கள். செம்பனை நிரைகளுக்கு நடுவே தனியாக ஒரு பலாவோ மாவோ வேப்பமரமோ நின்றால் அங்கே வீடு இருந்தது. ஒவ்வொரு குச்சியின் இடத்திலும் கைப்பேசி வரைபடப் புள்ளியைச் சேமியுங்கள்.

செர்கெய் பராஜனோவ் 1985இல் எடுத்த ‘சுராம் கோட்டை’யைப் பார்த்துவிட்டுப் போனால் உதவும். கட்டக் கட்ட இடியும் கோட்டை நிற்பதற்காக ஓர் இளைஞன் சுவருக்குள் உயிரோடு நின்றுகொள்ளும் கதை. பாலம் கட்ட நரபலி கேட்டதாக நம் பாட்டிமார் சொன்ன கதைகளுக்கு நெருக்கம். அதில் கேமரா பெரும்பாலும் ஓவியம்போல் அசையாமல் நிற்கும். நீங்களும் முக்காலியைக் குச்சிக்கு எதிரே நிறுத்தி, பழைய ஆள் நடந்து வந்து ‘இதுதான் எங்கள் அடுப்படி’ என்று நிற்கும்வரை ஓடவிடுங்கள். செம்பனைக்குள் நண்பகலில் எடுத்தால் தரையெல்லாம் வெள்ளைத் திட்டாக விழும். காலை எட்டரைக்கு முன், மாலை ஐந்தரைக்குப் பின் எடுங்கள்.

தோட்டத் தலைமைக் கிராணி (எழுத்தர்) விட்டுச்சென்ற படச்சுருள்கள் கிடைத்தன. தகர டப்பாவைத் திறந்தால் புளிக்காடி வாடை.
– மெக்கானிக், சுங்கை சிப்புட்

அசிடேட் படச்சுருள் சிதைகிறது. வெளியாகும் அமிலமே சிதைவை மேலும் விரைவுபடுத்தும். பக்கத்திலுள்ள நல்ல சுருளுக்கும் தொற்றும். வாடை வருவதை மட்டும் பிரித்து, மூடி இறுக்காமல் குளிர்ந்த அறையில் வையுங்கள். பழைய புரொஜெக்டரில் ஓட்டாதீர்கள். சுருங்கிய படத்தின் துளைகள் பல்சக்கரத்தில் கிழியும். பல்சக்கரம் இல்லாத ஸ்கேனர் வைத்திருக்கும் கூடத்தில் சீக்கிரம் கொடுங்கள்.

கொடுக்குமுன் வகையைச் சொல்லத் தெரிந்திருக்க வேண்டும். 8 மி.மீ. அகலத்தில் துளை பெரிதாக, இரண்டு சட்டகத்துக்கு நடுவே இருந்தால் சாதாரண எட்டு. துளை சிறிதாக, சட்டகத்தின் நடுப்பகுதிக்கு நேரே இருந்தால் சூப்பர் எட்டு. ஐம்பதடிச் சுருள் முதலாவதில் நொடிக்கு 16 சட்டகமாக நான்கு நிமிடம் பத்து நொடி ஓடும், இரண்டாவதில் 18 சட்டகமாக மூன்று நிமிடம் இருபது நொடி. கடைக்காரர் கேட்கும் விலையை இந்தக் கணக்கோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

ஜார்ஜியப் படத்தைக் கோயில் மண்டபத்தில் தமிழ் வசனவரியோடு போட ஆசை. செய்து பார்த்தால் எழுத்து உடைகிறது.
– இளைஞர் மன்றத்தினர், கோலசிலாங்கூர்

டிக்கெட் இல்லாவிட்டாலும் அது பொதுத் திரையிடல்தான். உரிமையாளரின் எழுத்து அனுமதியும், 2002ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டப்படித் தணிக்கை வாரியத்தின் ஒப்புதலும் வேண்டும். தேதி குறிக்குமுன் இதை முடியுங்கள்.

வசனவரிக் கோப்பை யூடிஎஃப்-8 என்ற எழுத்துக் குறியாக்கத்தில் சேமிக்காவிட்டால் கட்டங்கள் தெரியும். ‘கொ’, ‘கௌ’ பிரிந்து நின்றால் கோப்பில் குறையில்லை, ஓட்டும் மென்பொருளுக்குத் தமிழ் எழுத்தைக் கோக்கத் தெரியவில்லை. நோட்டோ சான்ஸ் தமிழ் போன்ற எழுத்துருவில் படத்தோடு சேர்த்தே பதித்துவிடுங்கள். இரண்டு வரிக்கு மேல் வேண்டாம். தமிழ்ச் சொல் நீளமானது. வரிக்கு நான்கைந்து சொல், ஒன்றரை நொடிக்குக் குறையாமல் நிற்கட்டும்.

ஆல்பத்தில் பாதி முகங்கள் யாரென்று தெரியவில்லை. என்ன எழுதி வைப்பது?
– குடும்பத்தலைவி, சுங்கை சிப்புட்

பால்பாயிண்ட் பேனா வேண்டாம். அழுத்தம் முன்பக்கம் புடைக்கும், மை ஊறும். 4பி அல்லது 6பி பென்சிலால், படத்தைக் கண்ணாடி மேல் கவிழ்த்துவைத்து, பின்பக்க ஓரத்தில் எழுதுங்கள். ஆண்டு உறுதியில்லை என்றால் ‘196–’ என்று நிறுத்துங்கள். தெரியாத முகத்துக்குத் ‘தெரியவில்லை’ என்றே எழுதுங்கள். ஊகத்தை எழுதினால் அடுத்தவர் அதை உண்மையாக எடுத்துக்கொள்வார். கணினியில் சேமித்ததற்கு மூன்று பிரதி வேண்டும், அதில் ஒன்று வேறு ஊரில் இருக்கும் உறவினரிடம். வெள்ளம் வரும் தாழ்வான வீட்டில் மூன்றும் இருந்து பயனில்லை.

உறவினர் கூடும் நாளில் ஆல்பத்தை நடுவில் வையுங்கள். யாராவது ஒரு முகத்தை அடையாளம் சொன்னால் பெயரோடு நிறுத்தாமல் சொன்னவரையும் நாளையும் சேர்த்து எழுதுங்கள்: ‘இடமிருந்து மூன்றாவது, கிணற்றடி வீட்டு அத்தை, தைப்பூசத்தன்று சின்னம்மா சொன்னது.’